தியெஸ்தெஸின் விருந்தும் திருவிருந்தும்

கி.பி. 177-ஆம் ஆண்டில், இன்றைய பிரான்சு நாட்டிலுள்ள லியோன் நகரில், கிறித்தவர்கள் பலர் சிறைப்பிடிக்கப்பட்டு வதைக்கப்பட்டனர். அவர்கள்மீது சுமத்தப்பட்ட பழிகளுள் ஒன்றுக்குத் 'தியெஸ்தெஸின் விருந்து' என்று பெயர். மனித ஊனை உண்கிறவர்கள் என்பது அப்பழியின் பொருள். யார் இந்தத் தியெஸ்தெஸ்? அவனுடைய விருந்துக்கும் நம் முன்னோர் கூடி அப்பம் பிட்ட திருவிருந்துக்கும் என்ன தொடர்பு? இவ்வினாவுக்கு விடை காண, திருச்சபை வரலாற்றை மட்டும் புரட்டினால் போதாது. உரோமையரின் நாடக மேடைக்கும் நாம் ஒருமுறை சென்று வர வேண்டும். அங்கே நாம் காண்பது ஒரு புராணக் கதையை மட்டுமன்று. அக்கதையை எழுதிய மனிதரின் மனச்சான்றையும், அதைப் பழிச்சொல்லாக்கிய மக்களின் மனப்போக்கையும் காண்கிறோம்.

கிரேக்கரிடம் பெற்ற செல்வம்

உரோமையர் போரில் கிரேக்கரை வென்றனர். கலையிலோ கிரேக்கருக்கு மாணவர் ஆயினர். கார்த்தேசு நகரோடு நடத்திய முதற்பெரும் போர் முடிந்த மறு ஆண்டு, அதாவது கி.மு. 240-இல், உரோமைத் திருவிழா ஒன்றில் முதன்முதலாக இலத்தீன் மொழியில் நாடகம் அரங்கேறியது. அதை ஆக்கியவர் லிவியுஸ் அந்திரோனிக்குஸ் என்னும் கிரேக்கர். ஓமர் பாடிய ஒதிசேயத்தை இலத்தீனில் பெயர்த்தவரும் இவரே. இவரைத் தொடர்ந்து நேவியுஸ், என்னியுஸ், பக்குவியுஸ், அக்கியுஸ் ஆகியோர் கிரேக்கப் புராணங்களைத் தங்கள் மொழியில் மீண்டும் மீண்டும் நாடகமாக்கினர். இவர்கள் இயற்றிய துன்பியல் நாடகங்களுள் ஒன்றுகூட முழுமையாக நமக்குக் கிடைக்கவில்லை. பிற்கால ஆசிரியர்கள் மேற்கோளாக எடுத்தாண்ட சிதறிய வரிகளே எஞ்சியுள்ளன.

மேடை வளர்ந்தது; ஆயின் ஆடம்பரமும் உடன் வளர்ந்தது. கி.மு. 55-இல் பொம்பேயு உரோமையின் முதல் நிலையான கல் அரங்கத்தைத் திறந்து வைத்தபோது, நாடகம் ஒன்றில் அறுநூறு கோவேறு கழுதைகள் மேடையேற்றப்பட்டன. அதைக் கண்ட சிசரோ தம் நண்பருக்கு எழுதிய மடலில் சலித்துக்கொள்கிறார். கண்ணைக் கவரும் காட்சி மிகுந்து, கருத்தைத் தொடும் சொல் குறைந்த காலம் அது எனலாம்.

செனெக்காவின் கையில்

முழுமையாக நம் கைக்கு எட்டியுள்ள உரோமைத் துன்பியல் நாடகங்கள், செனெக்காவின் பெயரில் வழங்கும் பத்து மட்டுமே. அவற்றுள்ளும் 'ஒக்தாவியா' அவர் எழுதியதன்று; 'ஓயித்தா மலையில் எர்க்குலிஸ்' என்பதும் ஐயத்துக்குரியது. எஞ்சிய எட்டும் கிரேக்கப் புராணங்களையே கருப்பொருளாகக் கொண்டவை. இவை மேடையில் நடிக்கப்பட்டனவா, அல்லது அவையில் படிக்கப்பட்டனவா என்பதில் அறிஞரிடையே இன்றும் கருத்து வேற்றுமை உண்டு.

கிரேக்கக் கதையைச் செனெக்கா எவ்வாறு மாற்றிச் சொல்கிறார் என்பதற்கு மெதேயாவின் கதை நல்ல சான்று. கி.மு. 431-இல் யூரிப்பிதெஸ் ஏதென்சு நகரில் அரங்கேற்றிய நாடகத்தில், கணவனால் கைவிடப்பட்ட மெதேயாவுக்குக் கொரிந்து நகரப் பெண்கள் துணைநின்று இரங்குகின்றனர். அவள் தன் பிள்ளைகளைக் கொல்வது அரங்கத்திற்குப் பின்னால்தான் நிகழ்கிறது. நாம் அலறலை மட்டுமே கேட்கிறோம். செனெக்காவின் நாடகத்திலோ பாடற்குழுவினர் அவளுக்குப் பகைவர். அவள் முற்றிலும் தனித்தவள். நாடுகடத்தப்படும்போது பிள்ளைகளையாவது உடன் அழைத்துச் செல்கிறேன் என்று அவள் கேட்கிறாள். அவர்களைப் பிரிந்து தன்னால் உயிர்வாழ இயலாது என்கிறான் யாசோன். அந்த நொடியில், எங்கே அடித்தால் அவனுக்கு வலிக்கும் என்பதை அவள் கண்டுகொள்கிறாள். தந்தையின் அன்பே பிள்ளைகளுக்கு எமனாகிறது. பின்னர், ஒரு பிள்ளையை யாசோனின் கண்ணெதிரிலேயே அவள் கொல்கிறாள். மெதேயா தன் மக்களை மக்கள் முன்னிலையில் கொல்லலாகாது என்று கவிஞர் ஒராசியுஸ் வகுத்த விதியைச் செனெக்கா வேண்டுமென்றே மீறுகிறார்.

ஏன் மீறினார்? சினம் மனிதனை என்ன செய்யும் என்பதே அவரை வாழ்நாளெல்லாம் வாட்டிய கேள்வி. சினத்தைப் பற்றித் தனி நூலே எழுதியவர் அவர். கிரேக்க நாடகத்தில் மனிதன் தெய்வங்களோடும் ஊழோடும் மோதுகிறான். செனெக்காவின் நாடகத்தில் மனிதன் தன் உள்ளத்தில் தானே வளர்த்த தீயில் வேகிறான். அத்தீயை நாம் நேருக்கு நேர் காண வேண்டும் என்பதே அவர் நோக்கம் போலும்.

தியெஸ்தெஸின் கதை

இத்தீயின் உச்சத்தைத் 'தியெஸ்தெஸ்' என்னும் நாடகத்தில் காண்கிறோம். சோபோக்கிளீசும் யூரிப்பிதெசும் இக்கதையை நாடகமாக்கியிருந்தனர். உரோமையிலும் பலர் ஆக்கினர். அவையெல்லாம் அழிந்துபோக, முழுமையாக எஞ்சியது செனெக்காவின் நாடகம் ஒன்றே.

அத்ரேயுசும் தியெஸ்தெசும் உடன்பிறந்தோர். தன் மகனையே கொன்று தெய்வங்களுக்கு விருந்து படைத்த தாந்தலுஸ் என்பவனின் பேரர்கள். தமையனின் மனைவியைக் கவர்ந்து ஆட்சியையும் பறிக்க முயன்ற தியெஸ்தெஸ் நாட்டைவிட்டுத் துரத்தப்பட்டிருக்கிறான். இப்போது அத்ரேயுஸ் சமாதானம் பேசுவதுபோல் தம்பியை அழைக்கிறான். காட்டிலே வறுமையில் வாழ்ந்து பழகிவிட்ட தியெஸ்தெஸ் தயங்குகிறான். குடிசையில் உண்ணும் எளிய உணவில் அச்சமில்லை, நஞ்சு பொற்கிண்ணத்தில்தான் பருகப்படுகிறது என்னும் கருத்துப்படத் தன் மகனிடம் பேசுகிறான். எனினும், மகனின் வற்புறுத்தலாலும், உள்ளத்தின் ஓரத்தில் இன்னும் அணையாத ஆசையாலும் அரண்மனைக்குள் நுழைகிறான். தமையன் அவனைத் தழுவி முடிசூட்டுகிறான்.

அடுத்து வருவது தூதன் கூறும் செய்தி. அரண்மனையின் உட்புறத்தே இருண்ட சோலை ஒன்றில், பலிபீடத்தின்முன் தியெஸ்தெஸின் மூன்று புதல்வரும் நிறுத்தப்படுகின்றனர். நறும்புகை எழுகிறது; திராட்சை மது வார்க்கப்படுகிறது; உப்பு கலந்த மாவு தூவப்படுகிறது. பலிச்சடங்கின் முறை எதுவும் தவறாதபடி அத்ரேயுஸ் பார்த்துக்கொள்கிறான். அவனே பூசாரி. பலிப்பொருளோ தம்பியின் பிள்ளைகள். அவர்கள் ஊனைச் சமைத்து, தந்தைக்கே விருந்தாகப் படைக்கிறான். கதிரவன் காணப் பொறாமல் வந்த வழியே திரும்புகிறான். நண்பகலில் இருள் சூழ்கிறது. உண்டு களித்த தியெஸ்தெஸின் கண்களில் காரணம் தெரியாமல் நீர் வழிகிறது. பிறகு உண்மை தெரிகிறது. அவன் தெய்வங்களைக் கூவி அழைக்கிறான்; விடை இல்லை. கொலைஞனுக்கு நாடகத்துக்குள் எவ்விதத் தண்டனையும் கிடைப்பதில்லை.

இதைப் படித்து முடிக்கையில், காயின் ஆபேலை வயல்வெளிக்கு அழைத்த காட்சி நம் நினைவுக்கு வருகிறது. ஆனால் ஒரு வேறுபாடு உண்டு. தொடக்க நூலில், சிந்திய இரத்தத்தின் குரலைக் கேட்க ஒருவர் இருக்கிறார்; உன் சகோதரன் எங்கே என்று கேள்வியும் எழுகிறது. தியெஸ்தெஸின் வானத்திலோ கேட்பார் எவருமில்லை. இந்த வெறுமையே நாடகத்தின் மிகப் பெரிய அச்சம்.

ஏவலனின் மௌனம்

நாடகத்தில் பெயரில்லாத பாத்திரம் ஒன்று உண்டு, அத்ரேயுசின் ஏவலன். மன்னன் தன் சதியை வெளியிடும்போது, மக்கள் என்ன சொல்வார்கள் என்று அவன் முதலில் தடுத்துப் பேசுகிறான். அறமில்லாத ஆட்சி நிலைக்காது என்கிறான். மன்னன் ஒவ்வொன்றாக மறுக்கிறான். சிறிது நேரத்தில் ஏவலனின் கேள்விகள் மாறுகின்றன. செய்யலாமா என்று கேட்டவன், எப்படிச் செய்வது என்று கேட்கத் தொடங்குகிறான். இறுதியில், இம்மறையைத் தன் நெஞ்சில் பூட்டிவைப்பதாக உறுதி கூறி விலகுகிறான். அவன் யாரையும் கொல்லவில்லை. ஆனால் அவன் வாய் மூடாதிருந்தால் அந்த விருந்து நடந்திருக்குமா என்று நாம் கேட்காமல் இருக்க முடியவில்லை.

இப்பாத்திரத்தைப் படைத்தவரின் வாழ்வை அறிந்தோருக்கு இக்காட்சி நெஞ்சை உறுத்தும். இசுபானியாவின் கொர்தோபா நகரில் பிறந்த செனெக்கா, கி.பி. 41-இல் பேரரசர் கிளவுதியுவால் கோர்சிக்காத் தீவுக்கு நாடுகடத்தப்பட்டார். அரசி அக்ரிப்பினா 49-இல் அவரைத் திருப்பி அழைத்துத் தன் மகன் நீரோவுக்கு ஆசிரியராக்கினார். 54-இல் நீரோ அரியணை ஏறினான். மறு ஆண்டே, அரண்மனை விருந்து மேசையில், தன் மாற்றாந்தந்தையின் மகனும் முறையில் தம்பியுமான பிரித்தானிக்குசுக்கு அவன் நஞ்சூட்டினான். அதையடுத்து, இரக்கமே அரசனுக்கு அழகு என்று விளக்கும் நூலொன்றைச் செனெக்கா அதே நீரோவுக்குக் காணிக்கையாக்கினார். 59-இல் நீரோ தன் தாயைக் கொன்றபோது, அச்செயலை நியாயப்படுத்தி ஆட்சிமன்றத்துக்கு அனுப்பப்பட்ட மடலை எழுதியவர் செனெக்கா என்று மக்கள் பழித்ததாக வரலாற்றாசிரியர் தாசித்துஸ் குறிப்பிடுகிறார்.

62-இல் செனெக்கா தம் செல்வத்தையெல்லாம் திருப்பித் தந்துவிட்டு விலக விடை கேட்டார், நீரோ இசையவில்லை. 65-இல், சதியில் பங்குகொண்டார் என்ற குற்றச்சாட்டின்பேரில், தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொள்ளும்படி பணிக்கப்பட்டார். 'தியெஸ்தெஸ்' அவருடைய பிற்காலப் படைப்பு என்று அறிஞர் பலர் கருதுகின்றனர். அவ்வாறாயின், பொற்கிண்ணத்துக்கு அஞ்சியும் அரண்மனைக்குள் நுழைந்த தியெஸ்தெஸிலும், எதிர்த்துப் பேசிப் பின் பணிந்த ஏவலனிலும், ஆசிரியர் தம் முகத்தைத் தாமே கண்டிருப்பாரோ? உறுதியாகச் சொல்ல இயலாது. ஆனால் தீமை புரியும் தலைவனின் அருகில் இருந்தால் அவனைத் திருத்தலாம் என்று நம்பும் நல்லவர்கள், எந்த இடத்தில் 'கூடாது' என்பதை விட்டு 'எப்படி' என்பதற்கு மாறுகிறார்கள் என்பதை அவர் மிகத் துல்லியமாக அறிந்திருந்தார். அலுவலகத்திலும் ஊர்ப் பொறுப்பிலும் திருச்சபைப் பணியிலும் இருக்கும் நம்மில் எவருக்கும் அந்த இடம் அயலானதன்று.

செனெக்காவும் திருச்சபையும்

செனெக்காவின் குடும்பத்தை விவிலியம் வாசிக்கும் நாம் ஏற்கெனவே சந்தித்திருக்கிறோம். திருத்தூதர் பணிகள் நூலின் 18-ஆம் அதிகாரத்தில், கொரிந்து நகரில் புனித பவுலை நடுவர் இருக்கையின்முன் கொண்டுவந்தபோது, வழக்கைத் தள்ளிவிட்ட ஆளுநர் கல்லியோ செனெக்காவின் தமையனே. சினம் பற்றிய நூல் இவருக்கே காணிக்கையாக்கப்பட்டது. தெல்பி நகரில் கிடைத்த கல்வெட்டு ஒன்று கல்லியோவின் ஆட்சிக்காலத்தை 51, 52-ஆம் ஆண்டுகளை ஒட்டிக் குறிக்கத் துணைசெய்கிறது. பவுலின் வாழ்க்கைக் காலத்தை வரையறுக்க அறிஞருக்குக் கிடைத்த உறுதியான ஆதாரம் அதுவே.

பவுலும் செனெக்காவும் நண்பர்கள் என்று பிற்காலத்தார் நம்ப விரும்பினர். இருவரும் எழுதிக்கொண்டதாகப் பதினான்கு மடல்கள் நான்காம் நூற்றாண்டில் உலவின. அவை போலியானவை என்பது இன்று ஐயமின்றித் தெளிவு. எனினும் புனித எரோனிமுஸ் அம்மடல்களைக் குறிப்பிட்டு, செனெக்காவைத் தம் கிறித்தவ எழுத்தாளர் வரிசையில் சேர்த்தார். அதற்கு முன்னரே தெர்த்துல்லியன், செனெக்கா பல வேளைகளில் நம்மைச் சேர்ந்தவர்போலவே பேசுகிறார் என்று எண்ணினார். அதே தெர்த்துல்லியன் நாடக அரங்குகளைக் கடுமையாகச் சாடினார் என்பதும் நினைவில் கொள்ளத்தக்கது. புனித அகுஸ்தினாரும் தம் 'அறிக்கைகள்' நூலில், மேடையில் காணும் பிறர் துயரத்துக்காக அழுது மகிழும் விந்தையை ஆராய்கிறார். துயருறுவோர்க்கு உதவ எழாத இரக்கம் உண்மையான இரக்கமா என்பது அவருடைய கேள்வி.

கதை பழியானபோது

இனி, தொடக்கத்தில் எழுப்பிய வினாவுக்கு வருவோம். முதல் நூற்றாண்டுகளின் கிறித்தவர்கள் திருமுழுக்குப் பெற்றோர் மட்டுமே கூடும் திருவிருந்தில் பங்குகொண்டனர். உடல், இரத்தம் என்னும் சொற்கள் வெளியார் காதில் அரைகுறையாக விழுந்தன. ஏறத்தாழ 112-இல் ஆளுநர் பிளினியுஸ் விசாரித்துப் பார்த்து, அவர்கள் உண்பது வழக்கமான, தீங்கற்ற உணவே என்று பேரரசருக்கு எழுதினார். ஆனால் வதந்தி விசாரணைக்குக் கட்டுப்படுமா? குழந்தையைக் கொன்று உண்கிறார்கள் என்ற பேச்சு பரவியது. மக்களுக்கு நன்கு தெரிந்திருந்த ஒரு புராணக் கதை அப்பேச்சுக்குப் பெயரும் உருவமும் தந்தது. ஏதென்சு நகரத்தவரான அத்தெனகோரஸ், பேரரசர் மார்க்கு அவுரேலியுவுக்கு எழுதிய முறையீட்டில், இறைமறுப்பு, தியெஸ்தெஸின் விருந்து, ஈடிப்பசின் முறைகேடு ஆகிய மூன்றையும் தம்மவர்மீது சாட்டப்பட்ட பழிகளாகப் பட்டியலிட்டு மறுக்கிறார்.

லியோனில் நடந்ததை அங்குள்ள சபையாரே மடலாக எழுதினர். எவுசேபியுசின் திருச்சபை வரலாற்றில் அது காக்கப்பட்டுள்ளது. கிறித்தவர்களின் வீட்டு அடிமைகள் சிலர், சித்திரவதைக்கு அஞ்சியும் படைவீரரின் தூண்டுதலாலும், தங்கள் தலைவர்கள் தியெஸ்தெஸின் விருந்து உண்பதாகப் பொய்ச்சான்று கூறினர். உடனே, அதுவரை நண்பராயிருந்த அண்டை வீட்டாரும் வெகுண்டெழுந்தனர். தொண்ணூறு வயது கடந்த ஆயர் பொத்தீனுஸ் அடியுண்டு சிறையில் உயிர்நீத்தார். அடிமைப்பெண்ணாகிய பிளந்தீனா வதைகள் அனைத்தையும் தாங்கி மறைசாட்சியானார். முன்னர் அச்சத்தால் நம்பிக்கையை மறுதலித்திருந்த பிபிலிஸ் என்னும் பெண்ணை, பழியை உறுதிப்படுத்தும்படி மீண்டும் வதைத்தனர். விலங்கின் இரத்தத்தையே உண்ணாதவர்கள் குழந்தைகளை உண்பார்களா என்று அவர் திருப்பிக் கேட்டார். தம்மைக் கிறித்தவர் என்று அறிக்கையிட்டு மறைசாட்சியர் வரிசையில் சேர்ந்தார். அப்போது பேரரசராயிருந்த மார்க்கு அவுரேலியு, செனெக்காவைப் போலவே ஸ்தோயிக்க ஞானநெறியைப் பின்பற்றியவர் என்பது வரலாற்றின் வேதனை.

இத்துடன் கதையை முடித்துவிட்டால் நமக்கு ஆறுதலாக இருக்கும். ஆனால் வரலாறு நம்மை விடுவதில்லை. பிற்காலத்தில் கிறித்தவர்கள் பெரும்பான்மையினர் ஆனபோது, தங்கள் முன்னோரைக் கொன்ற அதே பழியை யூதர்கள்மீது வீசினர். யூதர்கள் கிறித்தவச் சிறுவர்களைக் கொன்று சடங்குக்குப் பயன்படுத்துகிறார்கள் என்ற பொய் பன்னிரண்டாம் நூற்றாண்டு முதல் ஐரோப்பாவில் பரவியது. திருத்தந்தை நான்காம் இன்னொசென்ட் 1247-இல் இப்பழியைக் கண்டித்து எழுதினார். எனினும் 1475-இல் திரெந்து நகரில் ஒரு சிறுவனின் இறப்பை முன்னிட்டு யூதர்கள் வதைக்கப்பட்டுக் கொல்லப்பட்டனர். அச்சிறுவனுக்கு வணக்கமும் செலுத்தப்பட்டது. அவ்வணக்கத்தைத் திருச்சபை நீக்கியது 1965-இல்தான். யூதரோடு புதிய உறவைத் தொடங்கிவைத்த இரண்டாம் வத்திக்கான் சங்க ஏடு வெளிவந்த அதே ஆண்டு. லியோன் மறைசாட்சியரை வணங்கிக்கொண்டே, அவர்களைக் கொன்ற பொய்யைப் பிறர்மேல் ஏவ நம்மவரால் முடிந்தது.

மடங்கள் காத்த நாடகம்

இத்தகைய நாடகத்தைத் திருச்சபை எரித்துவிடவில்லை, காத்தது. செனெக்காவின் நாடகங்களைத் தாங்கிய மிகச் சிறந்த கையெழுத்துப்படி பதினோராம் நூற்றாண்டின் இறுதியைச் சேர்ந்தது. அது இத்தாலியில் பொம்போசா ஆசீர்வாதப்பர் மடத்தில் இருந்து அறிஞர் கைக்கு வந்தது. 1315-ஆம் ஆண்டையொட்டி, கர்தினால் ஒருவரின் வேண்டுகோளுக்கிணங்க, தொமினிக்கன் சபைத் துறவி நிக்கோலாஸ் திரிவெத் அவற்றுக்கு விரிவுரை எழுதினார். 1560-இல் 'தியெஸ்தெஸ்' நாடகத்தை ஆங்கிலத்தில் பெயர்த்த ஜாஸ்பர் ஹேவுட், புனித தாமஸ் மூரின் உடன்பிறந்தாளுடைய பேரன். இரண்டாண்டு கழித்து அவர் இயேசு சபையில் சேர்ந்தார். 1581-இல் மறைப்பணிக்காக மறைவாக இங்கிலாந்து திரும்பினார். 1583-இல் பிடிபட்டு, 1585-இல் நாடுகடத்தப்பட்டு, 1598-இல் நேப்பிள்சில் இறந்தார். கொடுங்கோல் மன்னனின் கதையை இளமையில் மொழிபெயர்த்தவர், ஆட்சியின் கொடுமையைப் பின்னர்த் தம் உடலிலேயே அறிந்தார்.

இத்துறவியர் இந்நாடகத்தைப் படித்ததன் காரணம் நமக்கும் பொருந்தும். அத்ரேயுசின் பலியில் சடங்கு ஒன்றும் குறையவில்லை. நறும்புகையும் மதுவும் முறைப்படி இருந்தன. இல்லாதது சகோதர அன்பு ஒன்றே. காணிக்கை செலுத்த வரும்போது சகோதரருக்கு நம்மேல் மனத்தாங்கல் உண்டென நினைவுவந்தால், காணிக்கையைப் பீடத்தின்முன் வைத்துவிட்டு முதலில் போய் அவரோடு நல்லுறவு ஏற்படுத்திக்கொள்ளுமாறு ஆண்டவர் மலைப்பொழிவில் கற்பித்தார். தியெஸ்தெஸின் விருந்தில் வலியவன் எளியவரைப் பலியிட்டான். நம் திருவிருந்தில் ஆண்டவர் தம்மையே பலியாக்கினார். இவ்விரண்டும் ஒன்றே எனக் கூறியவர்கள் அறியாமையால் பழித்தனர். ஆனால் பகையை நெஞ்சில் பூட்டிக்கொண்டும், அயலாரைப் பற்றிக் கேட்ட பழியைச் சோதித்துப் பாராமல் பரப்பிக்கொண்டும் நாம் பீடத்தை அணுகுவோமாயின், அப்பழிக்கு நாமே சான்று தேடித் தந்தவர்கள் ஆவோம்.